முற்றவெளியும் மணிக்கூட்டுக் கோபுரமும்

திருகோணமலையைப் பற்றி ஏதாவது எழுதுங்கள் என்று ரொறன்ரோவிலும் பாரிசிலும் வாழும் நண்பர்கள் சிலர் நெடுநாளாகக் கேட்டு வருகின்றனர். அவர்கள் எதிர்பார்ப்பது இராவணன் வெட்டு, கன்னியா வெந்நீர் ஊற்றுகள், உலகின் சிறந்த இயற்கைத் துறைமுகங்களுள் ஒன்று என்ற பெருமை ஆகியவற்றையே என்பது எனக்குத் தெரியும். அவற்றை எழுத வேறு பலர் உளர். நான் எழுத விரும்புவது ஒரு மைலுக்கும் குறைந்த ஒரு நடைதூரத்தைப் பற்றி. சந்தையடியில் நிற்கும் மணிக்கூட்டுக் கோபுரத்தில் தொடங்கி, முற்றவெளியைக் கடந்து, பிரெட்றிக் கோட்டை வாயில் வரை செல்லும் நிலத்துண்டு அது. அதன் ஒரு புறம் டச்சுக்குடாக் கடற்கரை. அந்த நிலத்தில் யார் நிற்கலாம், யார் உட்காரலாம், யார் எதை நாட்டலாம் என்ற கேள்விகளுக்கு நானூறு ஆண்டுகளாக அளிக்கப்பட்ட விடைகளே அந்நகரின் வரலாறு என்று நான் கருதுகிறேன்.

நான் அங்கு முதன்முதலாகச் சென்றது 1978ஆம் ஆண்டு. கொழும்பில் ஒரு தமிழ் நாளேட்டில் உதவி ஆசிரியனாகச் சேர்ந்து இரண்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. என் தாயாரின் தமையனார் ஒருவர் உவர்மலையில் இருந்தார். (ஆங்கில வரைபடங்களில் இது ஓர்ஸ் ஹில். வெள்ளைக்காரன் பெயரை உவர்ப்பாக்கி நமதாக்கிக்கொண்ட மக்களின் நகைச்சுவையை நான் என்றும் மெச்சுவதுண்டு.) மாமா பிரித்தானியக் கடற்படைத் தளத்தில் எழுதுவினைஞராக இருந்து, தளம் கைமாறியபோது வேலை இழந்தவர். அவரிடம் ஒரு பழைய பாஸ் இருந்தது. துறைமுகத் தளத்துள் நுழைவதற்கான அனுமதி அட்டை; ஓரங்கள் மடிந்து, படம் மங்கி, திருநீற்றுப் பெட்டிக்குள் பத்திரமாக இருந்தது. "தம்பி, இந்த ஊரிலை பிறந்தவன் இந்த ஊர்த் துறைமுகத்தைப் பார்க்கிறதுக்கு இதைக் காட்ட வேணும். வெள்ளைக்காரன் காலத்திலும் அப்பிடி, இப்பவும் அப்பிடி" என்றார். அப்போது அதை ஓய்வுபெற்றவரின் சலிப்பாகவே எடுத்துக்கொண்டேன்.

வரைபடத்தை விரித்து வைத்துப் பார்த்தால் மாமா சொன்னது விளங்கும். நகரம் ஓர் ஒடுங்கிய நிலக்கழுத்தில் இருக்கிறது. கிழக்கே திறந்த கடல், மேற்கே உட்துறைமுகம். கடலுக்குள் நீளும் முனை ஒன்றில் சுவாமி மலையும் கோட்டையும். தெற்கே துறைமுக வாயிலைக் காக்கும் மேட்டுநிலத்தில் ஒஸ்டன்பேர்க் கோட்டையும் கடற்படைத் தளமும். ஆழமான நீரும் உயரமான நிலமும் எங்கெல்லாம் இருந்தனவோ அங்கெல்லாம் படை இருந்தது. எஞ்சிய நடுப்பகுதியில் ஊர் இருந்தது. உட்துறைமுக வீதியில் மாலையில் நடப்பவர் நீரைக் காணலாம்தான்; ஆனால் உலகம் பேசுகின்ற அந்த ஆழ்துறைக் குடாக்கள் மதிலுக்கு அப்பால் உள்ளவை.

தொடக்கம் எல்லோரும் அறிந்தது. சுவாமி மலையில் இருந்த கோணேசர் கோயிலை 1622 தொடங்கிப் போர்த்துக்கேயர் இடித்தனர். தளபதி கொன்ஸ்தந்தீனு த சா. இடித்த கற்களைக் கொண்டே கோட்டையைக் கட்டினர். 1639இல் ஒல்லாந்தர் அதைப் பிடித்தனர். 1782 ஜனவரியில் ஆங்கிலேயர், அதே ஆண்டு ஓகஸ்டில் பிரெஞ்சுத் தளபதி சவ்ரன், பின்னர் மீண்டும் ஒல்லாந்தர், இறுதியாக 1795இல் மீண்டும் ஆங்கிலேயர் என்று கை மாறி மாறிச் சென்றது. 1803இல் அதற்கு யோர்க் கோமகன் பிரெட்றிக்கின் பெயரைச் சூட்டினர். கோயில் கல் கோட்டைக் கல்லான கதையை நம்மவர் பல தலைமுறையாகச் சொல்லி அழுதிருக்கின்றனர். அழவேண்டியதுதான். ஆனால் கோட்டை செய்த இன்னொரு செயலை நாம் அவ்வளவாகக் கவனிப்பதில்லை. அது தனக்கு முன்னால் ஒரு வெறுமையை உண்டாக்கியது.

பீரங்கி யுகத்துக் கோட்டைக்கு எதிரே வீடும் மரமும் இருக்கலாகாது. எதிரி பதுங்குவதற்கு ஒரு கொட்டிலேனும் விடாமல் குண்டு பாயும் தூரம் வரை நிலத்தைத் துடைத்து வைப்பது ஐரோப்பியப் படைப்பொறியியலின் விதி. ஆங்கிலத்தில் எஸ்பிளனேட் என்றார்கள். நாம் முற்றவெளி என்றோம். யாழ்ப்பாணத்தில் ஒன்று, திருகோணமலையில் ஒன்று. சென்னையில் இதன் உருவம் இன்னும் தெளிவானது. 1758-59இல் பிரெஞ்சுக்காரர் புனித ஜோர்ஜ் கோட்டையை முற்றுகையிட்டு மீண்டபின், கோட்டையின் வடக்கே இருந்த பழைய கறுப்பர் நகரை ஆங்கிலேயர் இடித்துத் தரைமட்டமாக்கினர். இனி இதற்குள் யாரும் வீடு கட்டலாகாது என்று எல்லைத் தூண்களையும் நாட்டினர். அவற்றுள் ஒன்று பாரிமுனையில் இன்றும் நிற்கிறது. அந்த வெறுநிலத்தில்தான் பிற்காலத்தில் உயர் நீதிமன்றமும் சட்டக் கல்லூரியும் எழுந்தன. வியன்னாவில் 1857இல் பேரரசர் ஆணையிட, கோட்டை மதில் போய்ப் பெருவீதியும் நாடக அரங்கும் பல்கலைக்கழகமும் வந்தன. கல்கத்தா மைதானம் மட்டும் இன்னும் இராணுவத்தின் நிலமாகவே இருக்கிறது. எனினும் அங்கே கோடிக்கணக்கான மக்கள் பந்தாடியும் கூட்டம் கூடியும் அதைத் தமதாக்கிக் கொண்டனர். பீரங்கிக்காக வெறுமையாக்கிய நிலம் குடிமக்களின் நிலமாக மாறுவது உலகில் பல ஊர்களில் நிகழ்ந்தது.

திருகோணமலையிலும் அது பாதி நிகழ்ந்தது. முற்றவெளி மைதானமாயிற்று, பத்திரகாளி அம்மன் கோயில் அதன் ஓரத்தில் விளங்குகிறது, பிள்ளைகள் பந்தடித்தனர், கட்சிகள் கூட்டம் போட்டன. அங்குள்ள ஆங்கிலேயர் மயானத்தில் நாவலாசிரியை ஜேன் ஒஸ்டினின் தம்பி, கடற்படைத் தளபதி சார்ல்ஸ் ஒஸ்டின், 1852 முதல் துயில்கிறார். இலக்கிய மாணவர் சிலர் அதைத் தேடி வருவதுண்டு. மான்கள் புல் மேய்கின்றன. ஆனால் கோட்டை கோட்டையாகவே இருந்தது. அதுதான் பாதி என்றேன். இன்றும் அது இராணுவ முகாம். கோணேசரை வணங்கச் செல்பவர் படை நிற்கும் வாயிலைக் கடந்தே செல்ல வேண்டும்.

1950இல் நகரசபையினர் கிணறு தோண்டியபோது மண்ணுக்குள்ளிருந்து கோணேசர் கோயிலின் செப்புத் திருமேனிகள் வெளிப்பட்டன. கோயில் மீளக் கட்டப்பெற்று 1963 மார்ச்சில் குடமுழுக்கு நடந்தது. தெய்வம் திரும்பிவிட்டது, நிலம் திரும்பவில்லை. அந்த நிலத்துக்காக ஒரு மத்திய அமைச்சர் பதவி துறந்த கதையை இளைய தலைமுறை அறிந்திருக்க வாய்ப்பில்லை.

டட்லி சேனாநாயக்காவின் அரசில் தமிழரசுக் கட்சியின் சார்பில் உள்ளூராட்சி அமைச்சராக இருந்தவர் மு. திருச்செல்வம். 1968இல் அவர் கோட்டைக்குள் உள்ள கோயிற் சூழலைப் புனித பிரதேசமாக அறிவிப்பது பற்றி ஆராய ஒரு குழுவை அமைத்தார். புதுமையான வேண்டுகோள் அன்று. அநுராதபுரத்தில் 1942ஆம் ஆண்டின் பாதுகாப்புக் கட்டளைச் சட்டத்தின்கீழ் பழைய நகர் புனித நகராக வகுக்கப்பட்டு, அங்கிருந்த கடைகளும் வீடுகளும் புதிய நகருக்குப் பெயர்க்கப்பட்டன. பெயர்க்கப்பட்டவர்களில் தமிழ், முஸ்லிம் வணிகர் பலர். கதிர்காமமும் புனித நகரே. நகர அமைப்புச் சட்டம் ஓரினத்தின் வழிபாட்டுக்கு இடம் வகுக்கலாம் என்றால் மற்றோரினத்தின் வழிபாட்டுக்கும் வகுக்கலாம் அல்லவா? பௌத்த பிக்கு ஒருவர் பிரதமருக்கு ஆட்சேபம் எழுதினார். குழு கலைக்கப்பட்டது. செப்டெம்பரில் திருச்செல்வம் பதவி விலகினார். தமிழரசுக் கட்சி அரசிலிருந்து வெளியேறியது. மாவட்ட சபைகள் பற்றிய வாக்குறுதி அந்த ஆண்டின் நடுப்பகுதியிலேயே கைவிடப்பட்டிருந்தது என்பதும் உண்மை; ஆனால் முறிவுக்கு உடனடிக் காரணம் இந்தச் சில ஏக்கர் நிலம். மாகாணங்களைக் கேட்டுப் பெறாத கட்சி ஒரு கோயில் வீதியைக் கேட்டும் பெறவில்லை.

இனி மணிக்கூட்டுக் கோபுரத்துக்கு வருவோம். 1957 பெப்ரவரி 4, சுதந்திர தினம். தனிச் சிங்களச் சட்டத்துக்கு எதிராகத் தமிழரசுக் கட்சி ஹர்த்தாலுக்கும் கறுப்புக்கொடிக்கும் அழைப்பு விடுத்திருந்தது. அக்கட்சியின் புகழ்பெற்ற மாநாடு முந்திய ஆண்டு ஓகஸ்டில் இதே நகரில்தான் நடந்தது. சந்தையடி மணிக்கூட்டுக் கோபுரத்தில் கறுப்புக்கொடி ஏற்ற முயன்ற நடராசன் என்ற இளைஞர் சுட்டுக் கொல்லப்பட்டார். திருமலை நடராசன் என்று நினைவுகூரப்படுகிறார். ஊரின் நடுவிலுள்ள கோபுரத்தில் எந்தக் கொடி பறக்கலாம் என்பதே அன்றைய தகராறு. அதே ஆண்டு ஒக்டோபர் 15இல் பிரித்தானியக் கடற்படைத் தளம் இலங்கையிடம் கையளிக்கப்பட்டது. பண்டாரநாயக்காவின் பெருமைமிகு சாதனை அது, மறுப்பதற்கில்லை. ஆனால் என் மாமாவின் பாஸ் செல்லாததாயிற்றே தவிர, வாயில் திறக்கவில்லை. காவலாளியின் சீருடை மாறியது.

நகரைச் சுற்றிய மாவட்டத்தில் நிகழ்ந்தவற்றை விரிவாகச் சொல்ல இங்கு இடமில்லை. கந்தளாய், அல்லைக் குடியேற்றத் திட்டங்கள் நீர்ப்பாசனமாக வந்தன. 1921ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பில் மாவட்டத்தின் சிங்கள மக்கள் நூற்றுக்கு ஐந்துக்கும் குறைவு. 1981இல் மூன்றில் ஒரு பங்கு. 1976இன் தொகுதி நிர்ணயத்தில் சேருவில என்ற புதிய தேர்தல் தொகுதி பிறந்தது. வாய்க்கால் வெட்டுபவன் வாக்குச்சீட்டையும் வெட்டுகிறான் என்று அக்காலத்தில் நான் ஒரு தலையங்கத்தில் எழுதி, ஆசிரியரிடம் ஏச்சு வாங்கியதுண்டு. ஏச்சு நியாயமானதே. அங்கு கொண்டுவரப்பட்ட சிங்களக் குடியானவர் பெரும்பாலும் நிலமற்ற ஏழைகள். வரைபடம் வரைந்தவர்கள் அல்லர். நகரின் ஓரங்களில் அபயபுரத்திலும் மிகிந்துபுரத்திலும் குடியிருந்தவர்களும் அவ்வாறே. அவர்களை எதிரியாகக் காட்டி எழுதிய நாட்களை எண்ணி இன்று நான் நாணுகிறேன்.

அந்த நாணம் எதையும் மறக்கச் செய்வதற்காக அன்று. 1983 ஜூலையில் கடற்படையினர் தளத்தைவிட்டு வெளியேறி நகருள் புகுந்து தமிழரின் வீடுகளையும் கடைகளையும் எரித்தனர். மதிலுக்கு அந்தப் பக்கம் நகரத்தார் செல்ல முடியாது. மதிலுக்கு அந்தப் பக்கத்தார் நகருக்குள் எப்போதும் வரலாம். நகர அமைப்பு என்பது இதுதான்.

2005 மே 15 இரவு சந்தைக்கும் பேருந்து நிலையத்துக்கும் அருகே, மணிக்கூட்டுக் கோபுரத்தின் நிழல் விழும் தொலைவில், புத்தர் சிலை ஒன்று எவரையும் கேளாமல் நாட்டப்பட்டது. விடிந்தபோது ஊர் அதைக் கண்டது. ஹர்த்தால் நடந்தது, கைக்குண்டு வெடித்தது, வழக்கும் தொடுக்கப்பட்டது. சிலையைச் சுற்றிக் கம்பிவேலியும் ஆயுதக் காவலும் வந்தன. கருணையின் வடிவத்தைத் துப்பாக்கியால் காக்கவேண்டிய நிலையை விகாரையில் வணங்கும் சிங்கள நண்பர்கள் பலரும் விரும்பவில்லை என்பதை நான் அறிவேன். எல்லோரும் காய்கறி வாங்கவும் பேருந்து பிடிக்கவும் வருகின்ற இடத்தை ஒருவர் மட்டும் இரவோடிரவாகத் தம்முடையதாக்கலாமா என்பதே பிரச்சினை. அந்தப் போராட்டத்தை முன்நின்று நடத்திய வ. விக்னேஸ்வரன் 2006 ஏப்ரல் 7ஆம் திகதி நகரில் சுட்டுக் கொல்லப்பட்டார். ஐந்து நாட்களின் பின், ஏப்ரல் 12இல், சித்திரைப் புத்தாண்டுக்குச் சாமான் வாங்க மக்கள் நெருங்கி நின்ற சந்தையில் குண்டு வெடித்தது. அது வெடித்துச் சிறிது நேரத்திலேயே கும்பல்கள் பொல்லும் வாளுமாக வந்து கடைகளை எரித்தன. அன்று இறந்தவர்கள் இருபது பேரளவில். எல்லா இனத்தவரும் அவர்களுள் இருந்தனர்.

இதற்கு முன்பே, அவ்வாண்டு தொடங்கி இரண்டாம் நாள், கடற்கரையில் அது நிகழ்ந்துவிட்டது. டச்சுக்குடாக் கடற்கரையில், காந்தி சிலைக்கு அருகே, ஜனவரி 2 மாலையில் பாடசாலைக் கல்வி முடித்த இளைஞர்கள் கூடியிருந்தனர். சிலர் பல்கலைக்கழகத்தை எதிர்நோக்கியிருந்தனர். அந்தக் கரையைச் சுற்றிலும் காவலரண்கள் இருந்தன. ஓடும் ஆட்டோவிலிருந்து கைக்குண்டு எறியப்பட்டது. அதன்பின் ஐவர் சுட்டுக் கொல்லப்பட்டனர். கொல்லப்பட்டவர்கள் குண்டைக் கொண்டுவந்த புலிகள் என்றும், குண்டு அவர்கள் கையில் வெடித்தது என்றும் அரசுத் தரப்பில் சொல்லப்பட்டது. சவச்சாலையில் சுப்பிரமணியம் சுகிர்தராஜன் எடுத்த படங்களில் துப்பாக்கிக் காயங்கள் தெரிந்தன. 'சுடர் ஒளி'யில் அவை வெளிவந்தன. ஜனவரி 24 காலை, வேலைக்குச் செல்லும் வழியில் சுகிர்தராஜன் சுட்டுக் கொல்லப்பட்டார். 2013இல் விசேட அதிரடிப் படையினர் பன்னிருவரும் பொலிஸ் அதிகாரி ஒருவரும் கைதாயினர். 2019 ஜூலையில் போதிய சாட்சியம் இல்லை என்று பதின்மூவரையும் நீதவான் விடுவித்தார். சாட்சிகள் பலர் நாட்டில் இல்லை.

பத்திரிகைத் தொழிலில் நாற்பது ஆண்டுகளுக்குமேல் கழித்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: அந்தப் படங்கள் இல்லாதிருந்தால் முதற்கதையே வரலாறாக நின்றிருக்கும். சுகிர்தராஜனை நான் நேரில் சந்தித்ததில்லை. சந்திக்காத ஒருவருக்கு இவ்வளவு கடன்பட்டிருப்பது விந்தையான உணர்வு.

கடற்கரை என்பது ஏழைக்கும் கிடைக்கும் பூங்கா. காசு வேண்டாம், அறிமுகம் வேண்டாம், மாலைக் காற்று எல்லோருக்கும் பொது. அந்த இடத்தில் ஐந்து பிள்ளைகள் விழுந்தபின், மாலை ஆறு மணிக்குமேல் கடற்கரைக்குப் போகாதே என்று ஒரு தலைமுறைத் தாய்மார் சொல்லி வளர்த்தனர். வேலி கட்டாமலே ஒரு வெளியை மூடிவிட முடியும் என்பதற்கு இதைவிட உதாரணம் எனக்குத் தெரியாது.

குடாவுக்கு அப்பால் சம்பூரில் வேலியே கட்டப்பட்டது. 2006 ஓகஸ்டில் புலிகள் மூதூர் நகருக்குள் நுழைந்தபோது முஸ்லிம் மக்கள் ஆயிரக்கணக்கில் ஊரைவிட்டு ஓடினர். அதை எழுதாமல் அடுத்ததை எழுதுவது நேர்மை அன்று. செப்டெம்பர் தொடக்கத்தில் படையினர் சம்பூரைக் கைப்பற்றினர். ஒக்டோபரில் மாவட்டத்தின் 675 சதுர கிலோமீற்றர் விசேட பொருளாதார வலயமாக வர்த்தமானியில் வெளியானது. 2007 மே 30இல் மூதூர் கிழக்கும் சம்பூரும் உயர் பாதுகாப்பு வலயமாயின. சொந்தக் காணியின் உறுதிப்பத்திரத்தைக் கையில் வைத்துக்கொண்டு கிளிவெட்டி முகாமில் ஆண்டுக்கணக்கில் இருந்தவர்களை நான் கண்டேன். அந்த நிலத்தில் 818 ஏக்கர் ஒரு தனியார் கைத்தொழில் நிறுவனத்துக்கு 2012இல் ஒதுக்கப்பட்டது. 2015இல் ஆட்சி மாறியபின் அது இரத்தாகி மக்கள் திரும்பினர். கடற்படை வைத்திருந்த 237 ஏக்கரும் பின்னர் விடுபட்டது. நிலக்கரி மின்நிலையத் திட்டம் 2016இல் கைவிடப்பட்டது. 2025 ஏப்ரலில் 120 மெகாவாட் சூரிய மின்நிலையத்துக்கு அடிக்கல் நாட்டப்பட்டது. சீனன்குடாவில் ஏறத்தாழ 850 ஏக்கரில் நிற்கும் 99 எண்ணெய்த் தாங்கிகளை 2022 ஜனவரியில் இலங்கையும் இந்தியாவும் பகிர்ந்துகொண்டன: 14 இந்தியன் ஒயிலுக்கு, 24 பெற்றோலியக் கூட்டுத்தாபனத்துக்கு, 61 கூட்டு நிறுவனத்துக்கு.

தாங்கிகளின் கணக்கு இவ்வளவு துல்லியமாக இருக்கிறது. அதே குடாக்கரையில் கிண்ணியா குறிஞ்சாக்கேணியில் பாலம் கட்டிமுடியாத நிலையில் மிதவைப் படகை நம்பிக் களப்பைக் கடந்த பாடசாலைப் பிள்ளைகள் 2021 நவம்பர் 23 காலையில் மூழ்கினர். எண்ணெய்க்காக மூன்று நாட்டுத் தலைவர்கள் அக்கறை கொள்ளும் துறைமுகத்தில், பிள்ளைகள் பள்ளிக்கூடம் போவதற்கு ஒரு பாலம் நேரத்துக்கு வரவில்லை.

சென்ற முறை போனபோது நான் மணிக்கூட்டுக் கோபுரத்திலிருந்து கோட்டை வாயில் வரை மீண்டும் நடந்தேன். முழங்கால் வலியால் இருமுறை இருக்க வேண்டியதாயிற்று. கடற்கரையில் கூட்டம் இருந்தது. கடலை வண்டி, ஐஸ்கிறீம் வண்டி, பட்டம் விடும் பிள்ளைகள், முக்காடிட்ட தாய்மார், அநுராதபுரப் பக்கமிருந்து பேருந்தில் வந்த சிங்கள யாத்திரிகர். பயம் விலகிவிட்டது என்று எழுதலாம் போலிருந்தது. பின்னர் 2025 நவம்பர் 16 வந்தது. அதே டச்சுக்குடாக் கரையில், அனுமதியற்ற கட்டுமானம் என்று கரையோரப் பாதுகாப்புத் திணைக்களம் முறையிட்ட ஓர் இடத்தில் புத்தர் சிலை வைக்கப்பட்டது. அன்றிரவு பொலிசார் அதை அகற்றினர். மறுநாள் அவர்களே திரும்பக் கொண்டுவந்து வைத்தனர். இருபது ஆண்டுகளில் சந்தையிலிருந்து கடற்கரைக்கு எட்டுநிமிட நடைதூரம் நகர்ந்திருக்கிறது பிரச்சினை.

அன்றைய நடையில் கோட்டை வாயிலை அடைந்தபோது வெயில் தாழ்ந்திருந்தது. வாயிலின் கல்லில் பாண்டியர் மீன் சின்னமும் தமிழ் எழுத்துகளும் இன்னும் இருக்கின்றன. இடித்த கோயிலின் கல் என்பர். காவலுக்கு நின்ற சிப்பாய்க்கு இருபத்திரண்டு வயது இருக்கலாம். எனது தடியைப் பார்த்து, "மெதுவாகப் போங்கள் ஐயா" என்று தமிழில் சொன்னான். எங்கே படித்தாய் என்று கேட்டேன். கந்தளாயில் என்றான். அவனுடைய பாட்டனார் அங்கு வந்து காடு வெட்டியவராம். துறைமுகத்தின் உள்ளே போயிருக்கிறாயா என்று கேட்டேன். சிரித்தான். "அது கடற்படை, ஐயா. எங்களுக்கும் பாஸ் வேணும்" என்றான்.